ரீஃப்: தள்ளித் தள்ளி நிற்கும் வீடுகள்

வட மொராக்கோவின் ரீஃப் மலையில் கெத்தாமா என்ற ஊரைத் தாண்டியதும் பேருந்தில் பாதிப் பேர் தூங்கிவிட்டார்கள். எனக்குத் தூக்கம் வரவில்லை. சன்னலோரம் உட்கார்ந்து வீடுகளை எண்ணிக்கொண்டே வந்தேன். ஒரு மேட்டில் ஒரு வீடு. எதிர் மேட்டில் இன்னொன்று. நடுவே ஒரு பள்ளம், நாலைந்து வாதுமை மரங்கள், சுற்றிலும் சப்பாத்திக்கள்ளி வேலி. மூன்றாவது வீட்டைப் பார்க்க அடுத்த திருப்பம் வரை காத்திருக்க வேண்டும். ஊர்ப் பெயர் எழுதிய பலகை வருகிறது, ஆனால் ஊரைக் காணோம். தெரு இல்லை. ஒட்டிக் கட்டிய சுவர் இல்லை. ஒருவர் முகத்தில் ஒருவர் விழிக்கக் கூடாது என்று முடிவு செய்துவிட்டு, அதே சமயம் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டே இருக்கவும் வேண்டும் என்று கட்டியது போல இருந்தது.

என்னை அங்கே அனுப்பி வைத்தவர் காரி. ரோட்டர்டாம் பக்கம் ஒரு காய்கறிக் கிடங்கில் எட்டு வருடம் அவரோடு வேலை பார்த்தேன். அவர் பெயரை இங்கே எழுதப் போவதில்லை. கிடங்கில் இருந்த மொராக்கோ இளைஞர்கள் எல்லாரும் அவரைக் காரி என்றே கூப்பிட்டதால் எனக்கும் அவர் காரிதான். என்னை அவர் மெம்மி என்பார், மகனே என்று அர்த்தம். வெகுநாள் கழித்துத்தான் தெரிந்தது, காரி என்றால் தாய்மாமன் என்று. மொராக்கோ அரபியில் காலி. ரீஃப் மலைக்காரர்கள் வாயில் லகரம் பெரும்பாலும் ரகரமாகிவிடும். மற்ற பெர்பெர் பேச்சுகளில் இதயம் 'உல்' என்றால் இவர்களுக்கு 'உர்'. சொல் என்பது 'அவால்' என்றால் இவர்களுக்கு 'அவார்'. தங்கள் மொழியை இவர்கள் தரிஃபித் என்கிறார்கள்.

பெர்பெர் என்ற பெயரே வெளியாள் வைத்தது. புரியாத மொழி பேசுகிறவன் என்று கிரேக்கர்கள் சொன்ன சொல்லிலிருந்து வந்தது. அவர்கள் தங்களைச் சொல்லிக்கொள்வது இமாசிகன் என்று. கிடங்கில் ஒரு பையன் பெர்பெர் என்று சொன்னபோது காரி கையிலிருந்த பெட்டியைக் கீழே வைத்துவிட்டு அவனைத் திருத்தியது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. இந்தக் கட்டுரையில் முடிந்த இடத்தில் அவர் சொன்ன பெயரையே எழுதுகிறேன்.

சரி, மலைக்கு வருகிறேன்.

மொராக்கோ என்றால் நம்மில் பலருக்கும் அட்லஸ் மலை நினைவுக்கு வரும். ரீஃப் அதன் கிளை இல்லை. ஜிப்ரால்டர் நீரிணையிலிருந்து கிழக்கே முலூயா ஆறு வரை, ஏறக்குறைய 300 கிலோமீட்டருக்கு மத்தியதரைக் கடலை ஒட்டியே நிற்கிற தனி மலை. இதன் உடன்பிறப்பு கடலுக்கு அந்தப் பக்கம், தெற்கு ஸ்பெயினில் இருக்கிறது. சியரா நெவாதாவை உள்ளடக்கிய பேட்டிக் மலைகளும் ரீஃப் மலைகளும் ஒரே வளைவின் இரண்டு கைகள். படத்தில் பார்த்தால் குதிரை லாடம் போலத் தெரியும். லாடத்தின் வளைவு ஜிப்ரால்டர், உள்ளே அல்போரான் கடல். ஆப்பிரிக்காவும் ஐரோப்பாவும் ஒன்றை ஒன்று நெருக்கியதில் எழுந்தவை இவை. அந்த நெருக்கல் இன்னும் நின்றபாடில்லை.

இந்த மலை எழுந்ததால் ஒரு கடலே வற்றியிருக்கிறது. இதைப் படித்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. அப்போது அட்லாண்டிக்கும் மத்தியதரைக் கடலும் இப்போதைய நீரிணை வழியாகச் சேரவில்லை. ஒரு வழி ஸ்பெயின் பக்கம், மற்றொன்று ரீஃபுக்குத் தெற்கே, இன்று ஃபெஸ், தாசா நகரங்கள் இருக்கிற தாழ்நிலம். நிலம் உயர உயர இரண்டு வழியும் அடைபட்டன. சுமார் 60 லட்சம் வருடங்களுக்கு முன்பு மத்தியதரைக் கடல் ஒரு பெரிய உப்பளமாக மாறத் தொடங்கியது. பிறகு, 53 லட்சம் வருடங்களுக்கு முன்பு, ஜிப்ரால்டரில் வழி திறந்து அட்லாண்டிக் உள்ளே பாய்ந்தது. இரு கரையும் பிரிந்ததற்கு மரங்கள் சாட்சி. ஷெஃப்ஷாவனுக்கு மேலே தலஸம்தான் காட்டில் ஒரு ஃபர் மரம் இருக்கிறது. உலகத்தில் அந்தச் சுற்றுவட்டாரத்தைத் தவிர வேறெங்கும் அது தானாக வளர்வதில்லை. அதன் நெருங்கிய சொந்தம் கடலுக்கு அந்தப் பக்கம், தெற்கு ஸ்பெயின் மலைகளில் நிற்கிறது.

ஷெஃப்ஷாவனைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டாம். நீலச் சுவர்களைப் படம் எடுக்கவே கூட்டம் வருகிறது, நானும் எடுத்தேன். 1471இல் கட்டிய ஊர், ஸ்பெயினை விட்டு வந்த முஸ்லிம்களும் யூதர்களும் வந்து நிறைந்த ஊர். பெயர் மட்டும் பழைய மண்ணின் மொழி. இஷாவன் என்றால் கொம்புகள், ஊருக்கு மேலே நிற்கிற இரண்டு சிகரங்கள்தான் அந்தக் கொம்புகள். ஆனால் அங்கே தெருவில் தரிஃபித் கேட்காது. மேற்கு ரீஃப் ஜ்பாலா மக்களின் நாடு. அவர்கள் அரபி பேசுகிறவர்கள். பெண்கள் சிவப்பும் வெள்ளையுமாகக் கோடு போட்ட துணியை இடுப்பில் சுற்றி, குஞ்சம் தொங்கும் அகன்ற ஓலைத்தொப்பி போட்டுக்கொண்டு சந்தைக்கு வருவார்கள். கடற்கரையை ஒட்டிக் கொமாரா மக்கள். அவர்களிலும் பெரும்பாலோர் அரபிக்கு மாறிவிட்டார்கள், சில ஊர்களில் மட்டும் பழைய மொழி தங்கியிருக்கிறது. மலையின் நடுவில் ஸன்ஹாஜா. அதற்கும் கிழக்கேதான் தரிஃபித் பேசும் ரீஃப்.

பேருந்தில் இந்தக் கோடுகளைக் கண்ணாலேயே பார்க்கலாம், மழைதான் கோடு போடுகிறது. அட்லாண்டிக்கிலிருந்து வரும் ஈரத்தை மேற்கு மலை முழுக்கப் பிழிந்து எடுத்துக்கொள்கிறது. கெத்தாமா அருகே செடார் காடு, நம் இமயமலைத் தேவதாருவின் ஒன்றுவிட்ட சொந்தம். அங்கேதான் 2,456 மீட்டர் உயரமுள்ள திதிகீன் சிகரம் நிற்கிறது, குளிர்காலத்தில் பனி மூடும். இறங்க இறங்கப் பச்சை வெளுத்து, பிறகு மஞ்சளாகி, அல் ஹொசைமா வரும்போது மண் எலும்பு மாதிரி தெரிகிறது. மழையின் அளவு மேற்கில் பெய்வதில் ஒரு சிறு பங்குதான். அந்த வறண்ட பகுதியில்தான் காரியின் இனமான அய்த் வர்யாகர் இருக்கிறார்கள். ரீஃபின் பெரிய இனக்குழு அவர்கள். நிலமோ ஆட்களுக்குப் போதாது. வாற்கோதுமை, அத்தி, வாதுமை, ஆலிவ். ஒரு ஊற்று யாருக்கு எந்த நாளில் எத்தனை நேரம் என்பதில் தலைமுறைகள் அடித்துக்கொண்டிருக்கின்றன.

இங்கே ஒரு அரசும் இருந்தது. 710ஐ ஒட்டி நெக்கோர் ஆற்றுச் சமவெளியில் ஒரு சிறு முஸ்லிம் அரசு எழுந்தது, மொராக்கோ மண்ணில் மிக முந்தியவற்றில் ஒன்று. 859 வாக்கில் வைக்கிங் கப்பல்கள் வந்து நெக்கோரைக் கொள்ளையடித்தன. வடகோடியிலிருந்து வந்தவர்கள் இந்தச் சின்னக் கழிமுகத்தில் கரையிறங்கினார்கள் என்பதை அந்த இடத்தில் நின்று நம்பவே கஷ்டமாக இருந்தது. இப்போது அங்கே தக்காளியும் வெங்காயமும் விளைகின்றன. அடுத்த நூற்றாண்டில் கொமாரா மலையில் ஹாமீம் என்று ஒருவர் தன்னைத் தீர்க்கதரிசி என்று அறிவித்து, தம் மக்கள் மொழியிலேயே ஒரு வேதம் ஓதினார். 927இல் போரில் கொல்லப்பட்டார். அவர் ஓதியதில் சில வரிகள் அரபு வரலாற்றாசிரியர்கள் எழுதி வைத்ததில்தான் மிஞ்சியிருக்கின்றன, அதுவும் அரபியில். தம் மொழியில் கடவுளிடம் பேச நினைத்தவரின் சொற்களில் ஒன்றுகூட அந்த மொழியில் கிடைக்கவில்லை என்பது எனக்கு இன்றும் வலிக்கிறது.

இனி வீடுகள்.

காரி ஒருமுறை சாப்பாட்டு நேரத்தில் அட்டைப்பெட்டி மீது படம் போட்டுக் காட்டினார். "இது எங்கள் மேடு. இது அவர்கள் மேடு. என் தாத்தா வெயில் காலத்தில்கூட மாடியில் படுத்ததில்லை. ஏன் தெரியுமா மெம்மி? அந்த மேட்டிலிருந்து பார்த்தால் எங்கள் மாடி தெரியும்." அவ்வளவுதான் சொன்னார், பிறகு ஆரஞ்சு உரிக்கத் தொடங்கிவிட்டார்.

ரீஃபில் இரத்தப் பழி ஒரு காலத்தில் அப்படி இருந்தது. டேவிட் ஹார்ட் என்ற அமெரிக்க மானிடவியலாளர் 1950களில் அய்த் வர்யாகர் நடுவே வாழ்ந்து, கிழவர்களிடம் கேட்டுக் கேட்டு எழுதியதில் அதன் முழு அமைப்பும் இருக்கிறது. வீட்டுக்கு வீடு எட்ட இருப்பதற்கு இது ஒரு காரணம், நிலம் சிதறிக் கிடப்பது மற்றொன்று. வீட்டின் பக்கத்தில் கல்லும் மண்ணும் வைத்துக் கட்டிய சிறு காவல்கூண்டு, சுவரில் துப்பாக்கி நுழையும் ஓட்டை. அண்ணன் தம்பிக்குள்ளேயே பழி நடந்திருக்கிறது. 1898இல் சுல்தானின் படை இபக்கோயன் இனக்குழுவைத் தண்டிக்க வந்துவிட்டுப் போனதிலிருந்து 1921 வரை இருந்த காலம் மிக மோசம். அந்தக் காலத்துக்கு மலைக்காரர்கள் வைத்த பெயர் 'ரிபுப்ளிக்'. குடியரசு என்ற ஐரோப்பியச் சொல்தான். ஆள ஒருவரும் இல்லாமல் ஆளாளுக்குச் சுட்டுக்கொண்டிருந்த காலம் என்று அவர்கள் அதைப் புரிந்துகொண்டிருக்கிறார்கள்.

அப்படிப்பட்டவர்களைச் சேர்த்து வைத்தது சந்தை. வாரத்தில் ஒவ்வொரு நாளும் ஒவ்வோரிடம். இன்றும் ஊர்ப் பெயரிலேயே கிழமை ஒட்டிக்கொண்டிருக்கிறது. அர்பா தவ்ரிர்த் என்றால் சின்னக் குன்றின் புதன்கிழமை. சந்தையில் கொலை விழக் கூடாது. விழுந்தால் ஹக் என்ற தண்டம். வேறு நாளில் கொன்றால் ஒரு தொகை, சந்தை நாளிலோ சந்தைக்குப் போகிற வருகிற வழியிலோ கொன்றால் பல மடங்கு. இறந்தவர் குடும்பத்துக்குப் போகாது அந்தப் பணம், இனக்குழுவின் பெரியவர்கள் அவை பங்கு போட்டுக்கொள்ளும். கட்ட முடியாதவன் வீட்டை எரித்துவிட்டு ஊரை விட்டே துரத்துவார்கள். எனக்கு இதில் மிகப் பிடித்தது பெண்கள் சந்தை. அய்த் வர்யாகர் பகுதியில் பெண்களுக்கென்றே தனிச் சந்தைகள் இருந்தன, ஆண்கள் கால் வைக்கக் கூடாது. ஆண்கள் பழியில் வீட்டுக்குள் அடைந்து கிடந்தபோது முட்டையும் கோழியும் பானையும் கைமாறிக்கொண்டிருந்தன. யார் வீட்டில் யாருக்குப் பெண் எடுக்கலாம் என்ற பேச்சும் அங்கேதான் நடந்திருக்கும்.

இம்சூரன் சந்தையில் நான் பிஸ்ஸாரா குடித்தேன். காய்ந்த ஃபாவா பயறைக் குழைய வேகவைத்துக் கடைந்த கஞ்சி. கடைக்காரர் மண்கிண்ணத்தில் ஊற்றி, நடுவில் குழி செய்து ஆலிவ் எண்ணெய் விட்டு, இரண்டு விரலால் சீரகப் பொடியைக் கிள்ளித் தூவினார். சூடு எண்ணெயில் ஏறியதும் வந்த வாசனையில் ஒரு கணம் எங்கே இருக்கிறேன் என்றே தெரியவில்லை. பக்கத்தில் இரண்டு கிழவர்கள் பேசாமல் ஒரே ரொட்டியைப் பிய்த்துப் பிய்த்து ஒரே கிண்ணத்தில் தோய்த்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள்.

ஸ்பெயினை எதிர்த்து ரீஃப் மக்களைத் திரட்டிய அப்துல் கரீம் அல் கத்தாபி இந்த மலையிலிருந்துதான் வந்தார். அஜ்திர் என்ற கடலோர ஊர், அய்த் வர்யாகர் இனம். அஜ்திர் கரையில் நின்றால் கூப்பிடு தூரத்தில் ஒரு பாறைத்தீவு. 1673 முதல் ஸ்பெயினின் கையில் இருக்கிறது, இன்றும் அதன் மேல் ஸ்பெயின் கொடிதான். அவர் காலையில் கண் விழித்தால் தெரிந்தது அந்தப் பாறைதான். ஸ்பெயின் கையில் இருந்த மெலில்லா நகரத்தில் ஸ்பெயின்காரர்களிடமே ஆசிரியராக, பத்திரிகையில் அரபிப் பத்தி எழுதுகிறவராக, பிறகு காதியாக, அதாவது இஸ்லாமிய நீதிபதியாக வேலை பார்த்தார். முதல் உலகப் போர்க் காலத்தில் சிறையில் போட்டார்கள். தப்பிக்க முயன்று விழுந்து காலை உடைத்துக்கொண்டார், அந்த நொண்டல் கடைசிவரை இருந்தது. ஸ்பெயின்காரர்களின் எண்ணிக்கையும் தெரியும், அவர்கள் மெத்தனமும் தெரியும் அவருக்கு.

1912 உடன்படிக்கைப்படி மொராக்கோவின் வடக்கு ஸ்பெயினுக்குப் போனது, தாளில். 1921இல் ஜெனரல் சில்வெஸ்த்ரே மெலில்லாவிலிருந்து மேற்கே நகர்ந்து, குன்றுக்கொரு காவல் நிலையமாக வைத்துக்கொண்டே போனார். படத்தில் பார்க்க அழகாகத்தான் இருந்திருக்கும். ஆனால் குன்றின் மேல் தண்ணீர் கிடையாது. இகெரிபென் நிலையத்துக்கு வேண்டிய தண்ணீர் சில கிலோமீட்டருக்கு அப்பால் இருந்தது. ஜூலை வெயிலில் ரீஃப்காரர்கள் அந்த வழியை அடைத்தார்கள். உள்ளே இருந்தவர்கள் மையைக் குடித்தார்கள், வாசனைத் திரவத்தைக் குடித்தார்கள், கடைசியில் மூத்திரத்தைக் குடித்தார்கள். ஜூலை 21இல் அது விழுந்தது. மறுநாள் அன்வாலில் இருந்த ஸ்பானிய முகாமே கலைந்து ஓடியது. சில்வெஸ்த்ரேயும் அங்கேயே மாண்டார். அடுத்த சில வாரங்களில் செத்த ஸ்பானியச் சிப்பாய்கள் 8,000 என்பாரும் உண்டு, 13,000க்கு மேல் என்பாரும் உண்டு. பெரும்பாலும் கட்டாயத்துக்கு வந்த ஏழை வீட்டுப் பிள்ளைகள். அர்ருயித் மலையில் ஆகஸ்டு 9 அன்று ஆயுதத்தைக் கீழே வைத்துச் சரணடைந்தவர்களையும் வெட்டினார்கள். இந்த மலைமீது எனக்கு இருக்கிற பாசத்துக்காக அதை மறைக்க மாட்டேன்.

என் மனம் தங்குவது போரில் இல்லை, அதற்கு முந்திய மாதங்களில். காரியின் தாத்தாவை மாடியில் படுக்கவிடாத ஆட்கள் எப்படி ஒரே அகழியில் படுத்தார்கள்? அய்த் வர்யாகர், தெம்ஸமான், அய்த் துஸீன், இபக்கோயன், இவர்களையெல்லாம் சேர்க்க அப்துல் கரீம் கையில் எடுத்தது பழியைத்தான். பழிக்கொலை செய்தால் மரணம் என்றார். தண்டம் வாங்கி அவை பங்கு போடும் பழக்கத்தை நிறுத்தி, ஷரியா நீதிபதிகளை வைத்தார். வீட்டோரக் காவல்கூண்டுகளை இடிக்கச் சொன்னார். இடித்தார்கள்! தலைமுறை தலைமுறையாக உயிரைக் காத்த கூண்டைத் தன் கையாலேயே இடிப்பது என்றால், எதிர் மேட்டுக்காரனும் இன்று இடிப்பான் என்று நம்ப வேண்டும். அந்த நம்பிக்கைதான் அந்த ஐந்து வருடத்தின் பெரிய வெற்றி என்று நான் நினைக்கிறேன், அன்வாலைவிடவும்.

அதன் பிறகு ரீஃப் குடியரசு. அமைச்சர்கள், கொடி, மலை முழுக்கத் தொலைபேசிக் கம்பி. ஸ்பெயின் பதிலுக்கு விமானத்திலிருந்து கடுகு வாயுவைக் கொட்டியது. கூட்டம் சேரும் இடம் வேண்டும் என்று சந்தை நாள் பார்த்துக் குண்டு போட்டிருக்கிறார்கள். கொலைகாரன்கூட மதித்த நாள் அது. 1925 செப்டம்பர் 8இல் அல் ஹொசைமா விரிகுடாவில் கப்பல்களோடு வந்து இறங்கினார்கள். தெற்கிலிருந்து பெத்தான் தலைமையில் பிரெஞ்சுப் படை. 1926 மே 27 அன்று அப்துல் கரீம் பிரெஞ்சுக்காரர்களிடம் சரணடைந்தார். ரியூனியன் தீவுக்கு நாடு கடத்தினார்கள், அங்கே 21 வருடம். 1947இல் பிரான்சுக்குக் கொண்டுபோகும் வழியில் எகிப்தில் கப்பலை விட்டு இறங்கிவிட்டார். 1963இல் கெய்ரோவில் இறந்தார், அங்கேயே அடக்கம். காரி வீட்டு வரவேற்பறையில் தொங்கும் ஒரே படம் அவருடையதுதான்.

மொராக்கோ 1956இல் விடுதலை அடைந்தது. 1958இல் ரீஃப் மறுபடி எழுந்தபோது பட்டத்து இளவரசர் ஹசன் தலைமையில் படை வந்து அடக்கியது. காரிக்கு அப்போது ஆறு வயது. அந்தக் குளிர்காலத்தைப் பற்றி நான் கேட்டபோதெல்லாம் அவர் எழுந்து தேநீர் போடப் போய்விடுவார். அதன் பிறகு வேலை இல்லை, சாலை இல்லை. முன்பு அறுவடைக் கூலிக்குப் பிரெஞ்சு அல்ஜீரியாவுக்கு நடந்து போன ஆட்கள் இப்போது வடக்கே திரும்பினார்கள். ஜெர்மனி 1963இல், பெல்ஜியம் 1964இல், நெதர்லாந்து 1969இல் மொராக்கோவோடு ஆள் எடுக்கும் ஒப்பந்தம் போட்டன. நெதர்லாந்தில் இருக்கும் மொராக்கோக்காரர்களில் பெரும்பாலோர் ரீஃப் குடும்பங்கள்தான். மலையிலேயே தங்கியவர்களில் பலருக்குக் கஞ்சாதான் பிழைப்பானது. கெத்தாமா சரிவுகளில் அது நெல் வயல் மாதிரிப் பச்சையாக நிற்கிறது. 2021 சட்டம் மருந்துக்கும் தொழிலுக்கும் அல் ஹொசைமா, ஷெஃப்ஷாவன், தாவ்னாத் மாகாணங்களில் பயிரிட அனுமதி தந்திருக்கிறது.

2004 பிப்ரவரி 24 அன்று நள்ளிரவு தாண்டி நிலம் ஆடியது. ஆப்பிரிக்காவும் ஐரோப்பாவும் நெருக்கிக்கொள்கிற அந்தப் பழைய நெருக்கல்தான். 600 பேருக்கு மேல் இறந்தார்கள், மண்சுவர் வீடுகளுக்குள் தூக்கத்திலேயே. காரியின் பழைய வீடும் அப்போது விழுந்ததுதான். இப்போது இருப்பது சிமெண்டில் கட்டிய இரண்டு மாடி.

அந்த வீட்டுக்குத்தான் நான் போனேன். காரி வரவில்லை, வாரம் மூன்று முறை டயாலிசிஸ். அவருடைய தம்பி மகன் சாவியோடு காத்திருந்தார். வருடத்தில் பதினோரு மாதம் பூட்டிக் கிடக்கும் வீடு. இரும்புக் கதவைத் தள்ளியதும் உள்ளே மூடிய துணி வாசனை, சோபாக்கள் மேல் பழைய படுக்கை விரிப்புகள், சுவரோரம் பத்து வருடத்துக்கு முந்திய டச்சு நாட்காட்டி. அந்தப் பக்கம் எல்லா மேட்டிலும் இப்படித்தான். ஆகஸ்டில் மஞ்சள் எண்பலகை போட்ட டச்சுக் கார்கள் கூரையில் மூட்டை கட்டிக்கொண்டு வந்து சேரும், ஒரு மாதம் சன்னல்கள் திறந்திருக்கும், பிறகு மறுபடி பூட்டு. நான் போனது ஜூலைக் கடைசி.

மாடிக்கு ஏறினேன். மாலை வெயில். எதிர் மேட்டில் வெள்ளை வீடு ஒன்று, கீழே பள்ளத்தில் காய்ந்த ஓடை. வீடு, அத்திமரம், கிணறு, காரி பார்க்க ஆசைப்படுவார் என்று தோன்றிய எல்லாவற்றையும் படம் எடுத்து அனுப்பினேன். ஐந்து நிமிடத்தில் அழைப்பு வந்தது. தன் வீட்டைப் பற்றி அவர் ஒன்றும் கேட்கவில்லை.

"கடைசிப் படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன் மெம்மி. கண் சரியாகத் தெரியவில்லை. அந்த மேட்டு வீட்டில் சன்னல் திறந்திருக்கிறதா?"

திறந்திருக்கிறது காரி, மாடியில் பாய் உலர்கிறது என்றேன்.

"அப்படியென்றால் வந்துவிட்டார்கள்" என்றார். "போய் ஒரு சலாம் சொல்லிவிட்டு வா. யார் வீட்டிலிருந்து வருகிறாய் என்று சொல். தேநீர் தராமல் விட மாட்டார்கள்."

பள்ளத்தில் இறங்கி ஏற இருபது நிமிடம் ஆனது.